சங்கடப்படலையை ஆர் கட்டுறது?

படம் முடிஞ்சு பெயர்கள் ஓடத் தொடங்கின உடன எழும்பிப் போறது எங்கட வழக்கம். நடிகர், இயக்குநர், இசையமைப்பாளர் ஆக்களின்ர பெயரை ஏற்கெனவே போஸ்டரில பாத்திட்டம். மிச்சம் ஆருக்கு வேணும்? அந்த மிச்சத்துக்குள்ள 'கலை இயக்கம்' எண்டு ஒரு வரி வரும். சில படங்களில 'தயாரிப்பு வடிவமைப்பு' எண்டும் வரும். இந்தக் கட்டுரை அந்த வரியைப் பற்றினது. யாழ்ப்பாணத்தில இருந்து படம் எடுக்க வெளிக்கிடுற எங்கட வயசுக்காரருக்கு அது ஏன் முக்கியம் எண்டதைப் பற்றினது.

முதல்ல அந்த வேலை என்னெண்டு சொல்லுவம். நடிகர்களை நீக்கிப் போட்டுப் பாத்தால் திரையில மிஞ்சி நிக்கிற எல்லாம் கலை இயக்குநரின்ர பொறுப்பு: சுவர், சுவரின்ர நிறம், அதில தொங்கிற கலண்டர், கலண்டரில இருக்கிற ஆண்டு, மேசையில இருக்கிற தேத்தண்ணிக் கோப்பை, கோப்பையின்ர விளிம்பில இருக்கிற உடைவு. திரைக்கதையை வாசிச்சு எத்தினை இடங்கள் எண்டு பிரிக்கிறது, அந்தக் காலத்தைப் பற்றித் தேடுறது, படம் கீறுறது, அளவு போடுறது, தச்சரையும் மேசனையும் பெயின்ரரையும் வைச்சுக் கட்டுவிக்கிறது, கட்டினதைப் பழசாக்கிறது எல்லாம் இதுக்குள்ள வரும். கடைசியாச் சொன்னதுதான் கஷ்டமான வேலை. புதுச் சுவர் கட்ட ஒரு கிழமை காணும். அதில நாற்பது வருஷம் ஒரு குடும்பம் சாய்ஞ்சிருந்த அழுக்கைக் கொண்டு வாறதுக்குத்தான் கண் வேணும்.

'தயாரிப்பு வடிவமைப்பு' எண்ட பட்டம் 1939இல் ஹொலிவூட்டில் 'கோன் வித் த வின்ட்' படத்துக்காக வில்லியம் கமரன் மென்ஸீஸுக்குக் குடுக்கப்பட்டதில இருந்து பரவினது. முழுப்படத்தின்ர தோற்றத்தையும் தீர்மானிக்கிறவர் வடிவமைப்பாளர், அதைக் கட்டி முடிக்கிறவர் கலை இயக்குநர் எண்டு பெரிய தயாரிப்புகளில ரெண்டாப் பிரிப்பினம். தமிழ்ச் சினிமாவில கனகாலம் ரெண்டு சுமையையும் ஒருத்தரே தூக்கினார்.

சீனில இருந்து செற்றுக்கு

எங்கட நாட்டுக்கூத்தில இடத்தைக் காட்டத் திரை தேவைப்படேல்ல. வட்டக்களரியில நிண்டு காடு எண்டு பாடினால் அது காடு, அரண்மனை எண்டு பாடினால் அது அரண்மனை. 19ஆம் நூற்றாண்டின்ர கடைசியில பார்சி நாடகக் குழுக்களின்ர வழியாக வரைஞ்ச திரைகள் தமிழ் மேடைக்கு வந்தன. அதுக்குப் பிறகு யாழ்ப்பாணத்தில இசை நாடகம் போட்ட ஆக்களுக்கு 'சீன்' எண்டது ஒரு தனிச் சொத்து. தெருச் சீன், தர்பார் சீன், வனச் சீன் எண்டு சுருட்டி வைச்சிருந்து இறக்குவினம். வி. வி. வைரமுத்து (1924–1989) அரிச்சந்திரனாக மயான காண்டத்தில நிண்டதைப் பாத்த தலைமுறைக்கு, சுடலை எண்டால் பாட்டோடை சேர்ந்து வாற ஒரு காட்சி.

சினிமா இந்தச் சீனைத்தான் முதல்ல வாங்கினது. பிறகு அதைப் பெருப்பிச்சுக் கட்டினது. 1948இல் ஜெமினி ஸ்ரூடியோவில் எஸ். எஸ். வாசன் எடுத்த 'சந்திரலேகா'வின்ர முரசு நடனத்தைப் பாத்தவைக்கு அந்தப் பிரமாண்டம் விளங்கும். அதின்ர கலை இயக்குநர் ஏ. கே. சேகர். அதுக்குப் பிறகு ஒரு முப்பது வருஷத்துக்குத் தமிழ்ச் சினிமாவின்ர கிராமம் பெரும்பாலும் ஸ்ரூடியோவுக்குள்ளதான் இருந்தது. குடிசையும் கிணறும் ஆலமரமும் எல்லாம் மரத்தாலயும் சாந்தாலயும் செய்தவை.

1977 ஒரு திருப்பம். அந்த வருஷம்தான் பாரதிராஜா '16 வயதினிலே'க்காகக் கமராவை உண்மையான ஊருக்குக் கொண்டு போனார். அதே வருஷம்தான் இஞ்ச தர்மசேன பத்திராஜாவின்ர 'பொன்மணி'யும் வந்தது. ரெண்டுக்கும் தொடர்பு இல்லை. ஆனால் ரெண்டு கரையிலயும் ஒரே காலத்தில செற்றை விட்டு வெளிய வந்திருக்கினம்.

ஒரு மனிசன்ர தொழில் வாழ்க்கை

வெளிய வந்தால் கலை இயக்குநருக்கு என்ன வேலை எண்டு கேக்கலாம். இதுக்குப் பதில் பி. கிருஷ்ணமூர்த்தியின்ர தொழில் வாழ்க்கையில இருக்கு. சென்னை ஓவியக் கல்லூரியில படிச்சவர். 1975இல் ஜி. வி. ஐயரின்ர 'ஹம்ஸகீதே' கன்னடப் படத்தோட சினிமாவுக்குள்ள வந்தவர். ஐயர் எடுத்தவை பெரிய காசுப் படங்கள் இல்லை. பழைய காலத்தை, பெரும்பாலும் இருக்கிற கோயில்களையும் மலைகளையும் ஆறுகளையும் வைச்சே காட்டின படங்கள். அதுகளில கலை இயக்குநரின்ர முதல் வேலை, இருக்கிற இடத்தில இருந்து எதை எடுக்கிறது எண்டு முடிவெடுக்கிறது. கரண்டுக் கம்பி, சீமெந்துத் தூண், பெயின்ற் அடிச்ச கதவு எல்லாம் போகவேணும். மிஞ்சிற வெறுமைக்குள்ள ஒரு பாய், ஒரு செம்பு, ஒரு விளக்கு. அதுவும் அந்த நூற்றாண்டுச் செம்பாக இருக்கவேணும்.

இந்தியாவின்ர முதலாவது சமஸ்கிருதப் படமான 'ஆதி சங்கராச்சார்யா' (1983), கன்னடத்தில 'மத்வாச்சார்யா' (1986), மலையாளத்தில 'வைஷாலி' (1988), 'ஒரு வடக்கன் வீரகாதா' (1989), தமிழில ஞான ராஜசேகரனின்ர 'பாரதி' (2000) எண்டு அவரின்ர பட்டியல் மொழி மாறி மாறிப் போகும். 'மத்வாச்சார்யா', 'வீரகாதா', 'பாரதி' மூண்டுக்கும் கலை இயக்கத்துக்கான இந்தியத் தேசிய விருது கிடைச்சது. 'வீரகாதா'வுக்கும் 'பாரதி'க்கும் உடை வடிவமைப்புக்கான தேசிய விருதும் அவருக்குத்தான். மொத்தம் ஐந்து.

இந்த உடை விருதுகளைக் கவனிக்க வேணும். சுவரை ஒருத்தரும் சேலையை இன்னொருத்தரும் தீர்மானிக்கிறதுதான் வழமை. இவர் ரெண்டையும் ஒண்டாப் பாத்தார். அதில ஒரு நியாயம் இருக்கு. ஒரு வீட்டின்ர வறுமை சுவரில ஒரு மாதிரியும் வேட்டியில இன்னொரு மாதிரியும் இருக்கேலாது. 'பாரதி'யில எட்டயபுரம், காசி, சென்னை, புதுச்சேரி எண்டு இடம் மாறிக்கொண்டே போகும். பாரதி 1882இல் பிறந்து 1921இல் செத்த மனிசன். அவரின்ர புகைப்படங்கள் விரல் விட்டு எண்ணக்கூடியவை. தமிழருக்கு அவரின்ர முகமும் தலைப்பாகையும் மனப்பாடம், ஆனால் அவர் இருந்த அறை தெரியாது. அந்தத் தெரியாத அறையைக் கட்டினதுதான் கிருஷ்ணமூர்த்தியின்ர சாதனை.

இதே மனிசன்தான் 2006இல் 'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி'க்கு ஒரு பகிடி அரண்மனையும், 2009இல் 'நான் கடவுள்' படத்துக்குப் பிச்சைக்காரரின்ர உலகமும் செய்தவர். 2020 டிசம்பரில காலமானார். வடிவேலுவின்ர புலிகேசி வசனங்களை மனப்பாடமாச் சொல்லுற எங்கட பெடியளில எத்தினை பேருக்கு இந்தப் பெயர் தெரியும்?

அவங்கள் கட்டின எங்கட ஊர்

இல்லாத காலத்தைக் கட்டுறது ஒரு வகை. இருக்கிற, ஆனால் போகேலாத இடத்தை வேறெங்கயோ கட்டுறது இன்னொரு வகை. 'நாயகன்' (1987) படத்தில நாங்கள் பாத்த தாராவியின்ர பெரும் பகுதி சென்னை வீனஸ் ஸ்ரூடியோவுக்குள்ள தோட்டா தரணி போட்ட செற். அதுக்கு அவருக்குத் தேசிய விருது கிடைச்சது. ஆனால் தாராவி எப்பவும் அங்கயே இருந்தது. சந்தேகம் வந்தால் பம்பாய்க்கு றெயினில போய்ப் பாத்திட்டு வரலாம்.

எங்கட கதை அப்பிடி இல்லை. மணிரத்னத்தின்ர 'கன்னத்தில் முத்தமிட்டால்' 2002 பெப்ரவரியில வெளிவந்தது. அதே மாதம் 22ஆம் திகதிதான் போர்நிறுத்த ஒப்பந்தம் கைச்சாத்தானது. படம் எடுத்த காலத்தில வன்னிக்குள்ள ஒரு இந்தியப் படப்பிடிப்புக் குழு போயிருக்கவே ஏலாது. படத்தின்ர மாங்குளம் கடலுக்கு அந்தப் பக்கம் உருவாக்கினது. கலை இயக்குநர் சாபு சிரில் பெரிய கைகாரன். 'காலாபானி'யில அந்தமான் சிறையைக் கட்டினவர், பிறகு 'பாகுபலி'யையும் கட்டினவர். 2015இல் கான் விழாவில தங்கப்பனை வாங்கின பிரெஞ்சுப் படம் 'தீபன்', எங்கட தீவகத்து அல்லைப்பிட்டியில பிறந்த ஷோபாசக்தி நடிச்ச படம். அதின்ர வடிவமைப்பாளர் மிஷேல் பார்த்தெலமி. அதிலயும் இலங்கையாக வாற காட்சிகள் இந்தியாவில எடுத்தவை.

இதில ஆரிலயும் குற்றம் பிடிக்கிறது எங்கட நோக்கம் இல்லை. வரேலாத இடத்தை அவை தங்களால ஏலுமான அளவுக்குக் கட்டிச்சினம். ஆனால் உலகத்தின்ர கண்ணில 'ஈழம்' எண்டு பதிஞ்சு போன படிமங்களில கனக்க எங்கட மண்ணில எடுக்கப்படாதவை. எங்கட பிள்ளையளும் அதைப் பாத்துத்தான் தங்கட ஊரின்ர போர்க்காலத்தைக் கற்பனை செய்யுதுகள். இதுதான் எங்களை யோசிக்க வைக்குது.

செற் இல்லாத எங்கட படங்கள்

எங்கட பழைய படங்களுக்குச் செற் போட வசதி இருக்கேல்ல, தேவையும் இருக்கேல்ல. 1972இல் வந்த 'குத்துவிளக்கு' யாழ்ப்பாணத்து ஊர்களில எடுக்கப்பட்டது. அதைத் தயாரிச்ச வி. எஸ். துரைராஜா ஒரு கட்டடக் கலைஞர். 1981இல் எரிக்கப்பட்ட யாழ் பொது நூலகத்தை மீளக் கட்டுற வேலையில ஈடுபட்டு, அதைப் பற்றிப் புத்தகமும் எழுதினவர் அவர்தான். வீடு கட்டத் தெரிஞ்ச மனிசன் படம் எடுக்கேக்க செற் கட்டாமல் ஊரையே காட்டினார் எண்டது யோசிக்க வேண்டிய விசயம். பத்திராஜாவின்ர 'பொன்மணி' யாழ்ப்பாணத்துச் சாதியையும் சீதனத்தையும் பற்றின படம். 2012இல் அசோக ஹந்தகம எடுத்த 'இனி அவன்' போருக்குப் பிந்தின யாழ்ப்பாணத்தை அந்தந்த இடங்களிலயே எடுத்தது.

இந்தப் படங்களுக்கு இப்ப ஒரு ரெண்டாவது பெறுமதி வந்திருக்கு. எடுத்த நேரத்தில அது வெறும் பின்னணி. இண்டைக்கு அது ஆவணம். 1977இல் கமராவுக்கு முன்னால தற்செயலா நிண்ட வேலி, கிணறு, தெரு இப்ப இல்லை. 1995 ஒக்டோபர் 30இல் வலிகாமம் முழுக்க இடம்பெயர்ந்தது. ஆல்பங்களைக் கொண்டு போனவை கொஞ்சப்பேர், மழையில விட்டவை கனபேர். நூலகத்தில எரிஞ்சவை கிட்டத்தட்ட 97,000 நூல்கள். அந்தக் காலத்தைத் தேடுற ஒரு கலை இயக்குநர் போய்த் தட்டக்கூடிய கதவுகள் எங்கட ஊரில குறைவு.

இப்ப எங்கட தலைமுறை தங்கட அம்மா அப்பா இளமையா இருந்த காலத்தைப் படமாக்க விரும்புது. அதுக்கு ஊருக்குள்ள கமராவைக் கொண்டுபோனால் காணாது. 1975 யாழ்ப்பாணத்தை யாழ்ப்பாணத்திலயே செற் போட்டுத்தான் எடுக்கவேணும்.

எதைக் கட்டோணும்?

ஒரு வளவைக் கட்டுறம் எண்டு வைப்பம். சங்கடப்படலை: கூரை போட்ட படலை, ரெண்டு பக்கமும் குந்து, வழியால போறவை இருந்து இளைப்பாறிறதுக்கு. வேலி கிடுகா, பனையோலையா? புதுசா அடைச்ச வேலி ஒரு நிறம், மழை கண்ட வேலி வேற நிறம். ஒரே படத்தில ரெண்டும் மாறி வந்தால் கதையின்ர மாதம் பிழைக்கும். கிணத்தில துலா, துலாவில பட்டை, ஆள் ஏறி மிதிச்ச காலமா, மிசின் வந்த காலமா? குசினிக்குள்ள நீத்துப்பெட்டி, சுளகு, கடகம். இதெல்லாம் இப்பவும் சில வீடுகளில தேடினால் கிடைக்கும்.

ஆனால் வளவை வடிவாக் கட்டிப்போட்டு நிப்பாட்டினால் அது பொய். அந்தப் படலைக்கு வெளிய ஆர் நிண்டது, முற்றம் வரைக்கும் ஆர் வந்தது, திண்ணையில ஆர் இருந்தது எண்டதும் அந்த வீட்டின்ர வரைபடம்தான். தேத்தண்ணிக்கடைச் செற் ஒண்டு போட்டால், சில சனத்துக்கு எண்டு தனியா வைச்சிருந்த பாத்திரத்தையும் வைக்கவேணும். 1960களில தேநீர்க்கடைப் பிரவேசத்துக்கும், 1968இல் மாவிட்டபுரம் ஆலயப் பிரவேசத்துக்கும் சனம் அடி வாங்கினது அந்தப் பாத்திரத்தாலயும் படலையாலயும்தான். அதை எடுத்துப் போட்டு வெறும் துலாவையும் பூவரசையும் காட்டினால் அது பழைய வாழ்க்கையின்ர பாதியை மறைக்கிற வேலை. 1991இல் யாழ் நகரத்தில ஒரு தெருவைக் காட்டினால், 1990 ஒக்டோபரில முஸ்லிம் சனம் வெளியேற்றப்பட்ட பிறகு வெறுமையாக் கிடந்த வீடுகளும் அதுக்குள்ள வரவேணும்.

அடுத்தது 1990க்குப் பிந்தின காலம். கரண்ட் இல்லை, பற்றறி, பெற்றோல் தடை. ஜாம் போத்தலுக்குள்ள பஞ்சை வைச்சு, கொஞ்ச மண்ணெண்ணெய் விட்டு, சின்னத் திரியை எரிச்சுத்தான் ஒரு தலைமுறை படிச்சது. சைக்கிளைக் கவிட்டு வைச்சு, பெடலைச் சுத்தி, டைனமோவில றேடியோச் செய்தி கேட்டினம். மோட்டார் சைக்கிள் ஒரு சொட்டுப் பெற்றோலில ஸ்ராட் ஆகி மண்ணெண்ணெயில ஓடினது. இது கதையாக எங்களுக்கு எல்லாருக்கும் தெரியும். கலை இயக்குநர் கேக்கிற கேள்வி வேற: அந்த அறையின்ர மேல்பக்கம் எப்பிடி இருந்தது? விளக்கு மேசை உயரத்தில இருந்தால் வெளிச்சம் முகத்துக்குக் கீழ இருந்து வரும், முகடு இருட்டில போகும், சுவரில கரி ஒரு குறிப்பிட்ட உயரத்தில படியும். காற்றாடியும் சுவிச்சும் அங்கயே இருக்கும். ஆனால் வருஷக்கணக்கா ஒருத்தரும் அதை நிமிர்ந்து பாத்திருக்கமாட்டினம். செத்துப்போன காற்றாடி ஒண்டு தொங்கிற அறை, காற்றாடியே இல்லாத அறையை விட வேற கதை சொல்லும்.

2009ஐ எடுப்பம். வன்னியில கடைசி மாதங்களில மண்மூட்டை தைக்கச் சாக்கு முடிஞ்சு, சனம் சேலையளைக் கிழிச்சுத் தைச்சது. கூறைச்சேலையும் அதுக்குள்ள போனது. ஆகவே அந்தக் காலத்துப் பங்கர் ஒண்டைச் சாம்பல் நிறத்தில மட்டும் கட்டினால் பிழை. மண்ணுக்குள்ள சிவப்பும் மஞ்சளும் கரைச் சரிகையும் தெரியவேணும். இதை வெளியில இருந்து வாற ஒரு கலை இயக்குநர் ஊகிக்க ஏலாது, கண்டவை சொல்லவேணும். ந. மதிசுதா கைப்பேசியால எடுத்த 'வெந்து தணிந்தது காடு' இந்தப் பங்கர் வாழ்க்கையைத்தான் எடுத்தது (சிம்பு நடிச்ச அதே பெயர்ப் படம் வேற). காசு இல்லாட்டிலும் கண்டதும் கேட்டதும் கையில இருந்தால் இடத்தைக் கட்டலாம் எண்டதுக்கு அது ஒரு சாட்சி.

கை இருக்கு, பெயர் இல்லை

யாழ்ப்பாணத்தில கட்டத் தெரிஞ்ச கை இல்லை எண்டு ஆரும் சொல்லேலாது. சப்பறத் திருவிழாவுக்கு மரத்தாலயும் சீலையாலயும் கடதாசியாலயும் கோபுர உயரத்துக்குச் சப்பறம் எழுப்பிறவை இருக்கினம். கலியாண வீட்டில ஒரு இரவுக்குள்ள மணவறை எழுப்பி, அடுத்த நாள் கழட்டிக் கொண்டு போறவை இருக்கினம். 'சோடனை' எண்டு நாங்கள் சாதாரணமாச் சொல்லுறது, சினிமாவில ஒரு கலைத் துறையின்ர பாதி. மருதனார்மடத்தில யாழ் பல்கலைக்கழகத்தின்ர கீழ் சித்திரமும் வடிவமைப்பும் படிச்சுப் பட்டத்தோட பெடி பெட்டையள் வெளிக்கிடினம். 2015இல் இருந்து யாழ்ப்பாணச் சர்வதேசத் திரைப்பட விழா நடக்குது. சப்பறம் கட்டிறவரும், சித்திரம் படிச்ச பிள்ளையும், படம் எடுக்கிற பெடியனும் ஒரு மேசையில இருந்து கதைக்கிறதுதான் இன்னும் வழமையா வரேல்ல.

எங்கட குறும்படங்களில பெரும்பாலும் இந்த வேலையை 'உதவி' எண்டு போடுற ஒரு நண்பன்தான் செய்யிறான். மாமி வீட்டுக் கதிரையைத் தூக்கி வாறதும் அவன், கலண்டரைத் திருப்பி வைக்கிறதும் அவன். காசு குடுக்க ஏலாட்டியும் பெயரைச் சரியாப் போடலாம். பெயர் போட்டால்தான் அது ஒரு தொழில் எண்டு அடுத்தவனுக்குத் தெரியும். கிருஷ்ணமூர்த்திக்கு அப்பிடி ஒரு வரி கிடைச்சபடியால்தான் அவரை நாங்கள் படம் படமாத் தேடிப் போகக்கூடியதா இருக்கு.

ரெண்டாவது, தேடல். 2005இல் தொடங்கின நூலகம் நிறுவனம் ஈழத்து நூல்களையும் பத்திரிகைகளையும் இணையத்தில சேர்த்து வைச்சிருக்கு. பழைய பத்திரிகையின்ர செய்தியை விட அதில இருக்கிற விளம்பரங்கள் ஒரு கலை இயக்குநருக்குப் பெறுமதி கூட: எந்தச் சவர்க்காரம், எந்தத் தேயிலை, எந்த எழுத்து. ஆனால் வீட்டுக்குள்ள இருந்த சாமான் எந்தப் பத்திரிகையிலயும் இல்லை. அது அம்மம்மாமாரின்ர கையில இருக்கு. அவையிட்ட 'அப்ப என்ன நடந்தது' எண்டு எல்லாரும் கேக்கினம். 'விளக்கை எங்க வைச்சனீங்கள், தண்ணிக் குடம் எந்த மூலையில இருந்தது, படலையில ஆரை மறிச்சனீங்கள்' எண்டு கேக்கிறவை குறைவு. கேளுங்கோ. கேட்டதைக் கொப்பியில கீறுங்கோ, அடிக்கணக்கில அளவும் போடுங்கோ. ஆர் சொன்னது, எந்த ஊர், எந்த வருஷம் எண்டு கீழ எழுதி வையுங்கோ. பத்து வருஷத்தில இஞ்ச ஒருத்தர் 1993ஆம் ஆண்டு அறை ஒண்டைக் கட்ட வெளிக்கிடேக்க அந்தக் கொப்பிதான் அவருக்கு முதல் தேவைப்படும்.